"எந்தத் தெரு?" என்று கேட்கும் பெருநகரம்

ஒவ்வொரு ஆண்டும் கல்லூரி திறந்து இரண்டு மாதம் ஆனதும் ஒரே பேச்சு எங்கள் காதுக்கு வந்து சேரும். துறையூர், மணப்பாறை, அரியலூர், புதுக்கோட்டைப் பக்கமிருந்து திருச்சிக்குப் படிக்க வந்த தம்பி தங்கைகள் சொல்வார்கள்: "இந்த ஊர்ல ரொம்பச் சின்னதா ஃபீல் ஆகுது." காரணத்தையும் அவர்களே சொல்லிவிடுவார்கள். ஊர் பெரிசு, கூட்டம் பெரிசு, இங்கிலீஷ் வரவில்லை, நல்ல சட்டை இல்லை.

அவர்களுக்குக் கிடைக்கும் அறிவுரையும் மாறுவதே இல்லை. "எல்லாருக்கும் அப்படித்தான் இருக்கும், போகப்போகப் பழகிடும்." "தன்னம்பிக்கையை வளர்த்துக்கோ." "பேசப் பழகு, நாலு பேரோட கலந்து பழகு." கல்லூரியில் இதற்கென்று ஒரு வகுப்பே வைத்திருக்கிறார்கள். எப்படி நிமிர்ந்து உட்கார வேண்டும், எப்படிக் கைகுலுக்க வேண்டும் என்று சொல்லித்தருகிறார்கள்.

இந்த அறிவுரையை நாங்கள் ஏற்கவில்லை. நகரத்தில் ஒருவர் சிறியவராக உணர்வதில் இரண்டு வகை உண்டு. ஒன்று, ஊர் பெரிது என்பதால் வருவது. அது நமக்கு நல்லது. இன்னொன்று, யாரோ ஒருவர் நம்மை உட்காரவைத்து, கேள்வி கேட்டு, அளந்து பார்த்துச் சிறியவராக்குவது. அதற்கும் ஊரின் அளவுக்கும் சம்பந்தமே இல்லை. இந்த இரண்டையும் ஒன்றாக்கிப் பேசுவது சாதிக்கு மிகவும் வசதியாக இருக்கிறது. அவன் செய்த குற்றம் நம் மனசின் கோளாறாக மாறிவிடுகிறது.

முதல் வகையைப் பார்ப்போம். சத்திரம் பேருந்து நிலையத்தில் மாலை ஆறு மணிக்கு நில்லுங்கள். உங்களை யாரும் கவனிக்க மாட்டார்கள். டீக்கடையில் காசு கொடுத்தால் எல்லாருக்கும் கொடுக்கும் அதே கிளாஸில் டீ வரும். டவுன் பஸ்ஸில் காலி இடம் இருந்தால் உட்காரலாம், பக்கத்தில் இருப்பவர் எழுந்து போக மாட்டார். அந்தக் கூட்டத்தில் நீங்கள் ஒரு தூசு. இதைக் கவிஞர்கள் தனிமை என்று எழுதுவார்கள். நாம் இதை விடுதலை என்கிறோம்.

ஏன்? கிராமத்தில் நாம் ஒருபோதும் தூசாக இருந்ததில்லை. அங்கே நம்மை எல்லாருக்கும் தெரியும். யார் மகன், யார் பேத்தி, எந்தப் பக்கமிருந்து வருகிறோம், செருப்பு போட்டிருக்கிறோமா, வண்டியை விட்டு இறங்கினோமா என்று ஆயிரம் கண்கள் பார்த்துக்கொண்டே இருக்கும். அப்படித் தெரிந்து வைத்திருப்பதுதான் நம்மைக் கட்டிப்போடும் கயிறு. 1948 நவம்பர் 4 அன்று அரசியல் நிர்ணய சபையில் அரசியல் சட்ட வரைவை முன்வைத்துப் பேசிய அண்ணல் அம்பேத்கர், கிராமத்தைப் புகழ்ந்து உருகியவர்களைக் கடுமையாகச் சாடினார். கிராமத்தை அலகாகக் கொள்ளாமல் தனிமனிதரை அலகாகக் கொண்டதற்காகவே அந்த வரைவை அவர் வரவேற்றார். அவர் கேட்டது இதைத்தான்: ஒரு மனிதர் எந்தத் தெருவின் உறுப்பாகவும் இல்லாமல், வெறும் மனிதராக இருக்கும் உரிமை. நகரம் நமக்குத் தருவதாகச் சொன்ன வாக்கும் அதுவே.

எங்கள் பொன்மலை அந்த வாக்கின்மேல் எழுந்த ஊர். தென்னிந்திய ரயில்வே கம்பெனி நாகப்பட்டினத்தில் இருந்த பணிமனையை இங்கே மாற்றியது 1926-28 காலத்தில். டெல்டாவிலிருந்தும் சுற்று வட்டாரத்திலிருந்தும் ஆட்கள் வந்து குவிந்தார்கள். பணிமனைச் சங்கு ஊதினால் எல்லாருக்கும் ஒரே நேரம். கேட்டில் நுழையும்போது தொழிலாளிக்கு ஒரு டிக்கெட் நம்பர். பேருக்குப் பதில் நம்பர் என்பது மனிதரைச் சிறுமைப்படுத்துகிறது என்று படித்தவர்கள் சொல்லலாம். ஊரில் "டேய்" என்று மட்டுமே கூப்பிடப்பட்டவருக்கு, வரிசையில் எல்லாரையும்போல ஒரு நம்பராக நிற்பதே பெரிய உயர்வு. நம்பருக்குச் சேரி கிடையாது.

அந்த நம்பர்கள் ஒன்று சேர்ந்தபோது என்ன நடந்தது என்பதும் இந்த ஊரின் வரலாறு. பணிமனைகளை ஒன்றாக்கும் சாக்கில் ஆயிரக்கணக்கானவர்களை வீட்டுக்கு அனுப்ப கம்பெனி திட்டமிட்டது. 1928 ஜூலையில் தென்னிந்திய ரயில்வே முழுவதும் வேலைநிறுத்தம் வெடித்தது. சிங்காரவேலரும் முகுந்தலால் சர்க்காரும் சிறைக்குப் போனார்கள். 1946 செப்டம்பர் 5 அன்று பொன்மலையில் போலீஸ் சுட்டதில் ஐந்து தொழிலாளிகள் உயிர்விட்டார்கள். சங்கத் திடலில் ஒவ்வொரு செப்டம்பர் 5 அன்றும் கொடியேற்றுவது அவர்களுக்காகத்தான். தனித்தனியாக நம்பர்களாக இருந்தவர்கள், சேர்ந்து நின்றபோது ஓர் அரசாங்கமே துப்பாக்கி தூக்க வேண்டிய அளவுக்குப் பெரியவர்களாக இருந்தார்கள்.

இனி இரண்டாவது வகை.

ரெட்டைமலை சீனிவாசன் கோயம்புத்தூரில் படித்த காலத்தைத் தன் வரலாற்றுச் சுருக்கத்தில் பதிவு செய்திருக்கிறார். கூடப் படித்தவர்களில் மிகப் பெரும்பாலோர் பார்ப்பனர்கள். தன் சாதி, ஊர், வீடு தெரிந்துவிட்டால் தாழ்வாக நடத்துவார்களே என்ற அச்சத்தில் யாரோடும் ஒட்டாமல் இருந்தார். மணி அடிக்கும்வரை வெளியே எங்காவது உட்கார்ந்து படித்துவிட்டு, அடித்த பிறகே வகுப்புக்குள் போவார். வகுப்பு முடிந்ததும் யாரும் பிடித்துக்கொள்ளாதபடி வேகமாக வீட்டுக்கு நடப்பார். இன்று ஹாஸ்டல் மெஸ்ஸில் கடைசியாகப் போய் ஓரமாக உட்கார்ந்து சாப்பிடும் தம்பி, இதைப் படித்தால் தன்னைப் பற்றி எழுதியதாகவே நினைப்பான். அந்தக் கோயம்புத்தூர் இன்றைய கோயம்புத்தூரில் ஒரு மூலைகூட இருக்காது. அவரைச் சிறியவராக்கியது ஊரின் அளவா?

அம்பேத்கரின் வாழ்க்கை இதைக் கணக்குபோல நிரூபிக்கிறது. 1913இல் அவர் நியூயார்க் போனார். அப்போதே ஐம்பது லட்சம் பேரை நெருங்கிய மாநகரம் அது. கொலம்பியாவில் மூன்று ஆண்டுகள் படித்தார், எல்லாரோடும் உட்கார்ந்தார், சாப்பிட்டார். லண்டனிலும் படித்தார். 1917இல் வேலைக்காகப் பரோடா வந்தார். நியூயார்க்கோடு வைத்துப் பார்த்தால் பரோடா ஒரு பேட்டை. அங்கே அவருக்குத் தங்க ஓர் அறை கிடைக்கவில்லை. பார்சி விடுதி ஒன்றில் பார்சிப் பெயரை எழுதிக்கொடுத்துத் தங்கினார். பதினோராம் நாள் கம்புகளோடு வந்து வெளியே துரத்தினார்கள். நண்பர்கள் இருவரிடம் கேட்டுப் பார்த்தார், அவர்களும் கைவிரித்தார்கள். பூங்காவில் உட்கார்ந்திருந்துவிட்டு இரவு ரயிலில் பம்பாய் திரும்பினார். அத்தனை பெரிய நியூயார்க் அவரைச் சிறியவராக்கவில்லை. இந்தச் சின்னப் பரோடாவால் முடிந்தது.

அதனால்தான் சொல்கிறோம் தோழர்களே, நகரம் பெரிசு என்ற காரணத்தை யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

நம் ஊரில் இது எப்படி நடக்கிறது என்று எல்லாருக்கும் தெரியும், யாரும் எழுதி வைப்பதில்லை. வீடு தேடிப் போகிறோம். "டு லெட்" போர்டு தொங்குகிறது. முன்பணம் கையில் இருக்கிறது. வீட்டுக்காரர் நேரடியாகச் சாதி கேட்க மாட்டார், அவர் நாகரிகமானவர். "சொந்த ஊர் எது?" என்பார். "அங்க எந்தத் தெரு?" என்பார். "குலதெய்வம் எது?" என்பார். "அசைவம் சமைப்பீங்களா?" என்பார். நாலாவது கேள்வியில் அவருக்கு விடை கிடைத்துவிடும். "நேத்துதான் ஒருத்தர் அட்வான்ஸ் கொடுத்துட்டுப் போனார்" என்பார். அடுத்த வாரமும் அந்த போர்டு அங்கேயே தொங்கும். எங்களில் இதைப் பார்க்காதவர் யாருமில்லை.

வகுப்பறையில் இது இன்னும் சுருக்கமாக முடியும். "ஸ்காலர்ஷிப் பசங்க எல்லாம் எந்திரிங்க." அவ்வளவுதான். அறுபது பேரில் பத்துப் பேர் எழுந்து நிற்பார்கள். மற்ற ஐம்பது பேர் திரும்பிப் பார்ப்பார்கள். சத்திரம் பேருந்து நிலையம் தந்த மறைவு அந்த ஒரு வரியில் போய்விடும். கிராமத்தின் ஆயிரம் கண்களும் வகுப்புக்குள் வந்து உட்கார்ந்துகொள்ளும்.

இது வெறும் புலம்பல் என்பவர்களுக்கு ஆய்வுகளும் இருக்கின்றன. 2007இல் சுகதேவ் தோரட்டும் பால் அட்டெவெலும், ஒரே தகுதியுள்ள விண்ணப்பங்களைப் பெயரை மட்டும் மாற்றித் தனியார் கம்பெனிகளுக்கு அனுப்பிப் பார்த்தார்கள். தலித் பெயருக்கு அழைப்பு வரும் வாய்ப்பு, உயர்சாதிப் பெயருக்கு இருந்ததில் மூன்றில் இரண்டு பங்குதான். 2015இல் தோரட்டும் வேறு சிலரும் டெல்லி வட்டாரத்தில் வாடகை வீட்டை வைத்து இதையே சோதித்தார்கள். உயர்சாதிப் பெயருக்குக் கிட்டத்தட்ட எல்லாக் கதவும் திறந்தது. தலித் பெயருக்கும் முஸ்லிம் பெயருக்கும் பல கதவுகள் மூடின, சில நிபந்தனையோடு திறந்தன. அந்தப் பெயர்களுக்குப் பின்னால் எந்த மனிதரும் இல்லை. தன்னம்பிக்கை இல்லாததால் வீடு கிடைக்கவில்லை என்று அவற்றைப் பார்த்துச் சொல்ல முடியுமா?

ஒரு சொல்லை எடுத்துக்கொள்ளுங்கள்: காலனி. பொன்மலையில் ரயில்வே காலனி இருக்கிறது. அங்கே குடியிருப்பவர் "ரயில்வே காலனி" என்று நெஞ்சை நிமிர்த்திச் சொல்வார். மரம், அகலமான சாலை, கவர்மெண்ட் சம்பளம் எல்லாம் அந்தச் சொல்லுக்குள் இருக்கிறது. முப்பது கிலோமீட்டர் தள்ளி ஒரு கிராமத்தில் அதே சொல்லைச் சொன்னால் முகம் மாறும். "ஊரா, காலனியா?" என்பதுதான் அங்கே சாதி கேட்கும் முறை. 2025 ஏப்ரலில் முதலமைச்சர், அரசு ஆவணங்களிலிருந்தும் பொதுப் புழக்கத்திலிருந்தும் அந்தச் சொல்லை நீக்குவதாக அறிவித்தார். வரவேற்கிறோம். ஆனால் சொல்லிலா இழிவு இருந்தது? சொல்லில் இருந்திருந்தால் ரயில்வே காலனிக்கும் ஒட்டியிருக்க வேண்டுமே. பெயர்ப்பலகையை மாற்றிவிட்டு, கேட்பவரை அப்படியே விட்டால், அவர் புதுச் சொல்லையும் ஒரே வருடத்தில் அழுக்காக்கிவிடுவார்.

செத்த பிறகாவது இந்த அளவெடுப்பு நிற்கிறதா? இதே திருச்சியில், மேலப்புதூர் கத்தோலிக்கக் கல்லறைத் தோட்டத்தில் தலித் கிறிஸ்தவர்களைத் தனியே பிரிக்கச் சுவர் எழுப்பி வைத்திருந்ததை நாடே அறியும். 2010இல் பெரியார் தொண்டர்கள் அதை இடிக்கப் போய்க் கைதானார்கள். மாநகராட்சி எல்லைக்குள், பெருநகரத்தின் நடுவே, எலும்புகளுக்கும் ஊரும் சேரியும்.

பொன்மலையைப் புகழ்ந்துவிட்டு அதன் குறையை மறைத்தால் நாங்கள் நேர்மையற்றவர்கள். ரயில்வே குவார்ட்டர்ஸ் பதவிக்கேற்ப அளந்து கட்டப்பட்டது. சங்கு எல்லாருக்கும் ஒன்றாக ஊதியது என்பதற்காக வேலை எல்லாருக்கும் ஒன்றாக இருந்துவிடவில்லை. 1938 பிப்ரவரியில் மன்மாடில், ஜி.ஐ.பி. ரயில்வேயின் தாழ்த்தப்பட்ட வகுப்புத் தொழிலாளர் மாநாட்டில் அம்பேத்கர் இதைப் பேசினார். தலித்துகள் தண்டவாளப் பராமரிப்பு கேங்கிலேயே முடங்கிக் கிடக்கிறார்கள். போர்ட்டர் வேலைகூடக் கிடைப்பதில்லை, ஏனென்றால் போர்ட்டர் ஸ்டேஷன் மாஸ்டர் வீட்டுக்குள்ளும் போய் வேலை செய்ய வேண்டியிருக்கும். தொழிலாளிக்கு முதலாளித்துவம், பார்ப்பனியம் என்று இரண்டு எதிரிகள் என அவர் அங்கேதான் அறிவித்தார். அந்தப் பேச்சை இந்தியாவின் ஒவ்வொரு ரயில்வே பணிமனை வாசலிலும் எழுதி வைக்க வேண்டும்.

தண்டவாளத்தில் விழுந்த மலத்தை யார் கையால் அள்ள வைத்தது ரயில்வே? 2014 மார்ச்சில் உச்ச நீதிமன்றம், சஃபாயி கர்மசாரி ஆந்தோலன் தொடுத்த வழக்கில், அதை முடிவுக்குக் கொண்டுவரக் காலக்கெடுவோடு திட்டம் போடும்படி ரயில்வேக்கு உத்தரவிட வேண்டியிருந்தது. சுதந்திரம் வந்து 67 வருடம் கழித்து! "தொழிலாளி என்றால் எல்லாரும் ஒன்றுதான்" என்று மேடையில் பேசும் தோழர்களிடம் நாங்கள் எப்போதும் கேட்பது ஒன்றுதான்: எல்லாரும் ஒன்று என்றால், அந்த வேலையில் ஏன் ஒரே சாதியின் ஆட்கள்?

இப்போது உயிர் போகும் இடத்துக்கு வருகிறோம். 2016 ஜனவரி 17, ஹைதராபாத் மத்தியப் பல்கலைக்கழகத்தில் ரோஹித் வெமுலா. விடுதியிலிருந்து வெளியேற்றப்பட்ட அவரும் தோழர்களும் வளாகத்திலேயே ஒரு கொட்டகை போட்டு, அதற்கு "வெளிவாடா" என்று பெயர் வைத்திருந்தார்கள். தெலுங்கில் சேரி என்று அர்த்தம். 2017 மார்ச், சேலத்திலிருந்து டெல்லி ஜேஎன்யு வரை போன முத்துக்கிருஷ்ணன். 2019 மே, மும்பையில் ஆதிவாசி மருத்துவர் பாயல் தட்வி. ஒவ்வொரு முறையும் "மன அழுத்தம்", "சூழலுக்குப் பழக முடியவில்லை", "தாழ்வு மனப்பான்மை" என்ற பேச்சு எழுகிறது. அந்தப் பேச்சைக் கவனியுங்கள். "சின்னதா ஃபீல் ஆகுது" என்று நம் தங்கை சொன்ன அதே வரி, நாளை யாரோ தப்பித்துக்கொள்ளும் வாக்குமூலமாகிறது. அதனால்தான் இதை இவ்வளவு விரிவாக எழுதுகிறோம். சிறுமையாக உணர்கிறேன் என்று சொல்லாதீர்கள். சிறுமைப்படுத்தினார்கள் என்று சொல்லுங்கள். யார், எங்கே, எந்தத் தேதியில் என்று சேர்த்துச் சொல்லுங்கள்.

இதற்கு மாற்று என்று சிலர் சொல்லும் வழிகளையும் பேசிவிடுவோம். ஒளிந்துகொள், ஊர்ப் பெயரை மாற்றிச் சொல் என்பது ஒன்று. ஒளிந்து வாழ்பவர் யாரையும் நாங்கள் குறை சொல்ல மாட்டோம். தலைக்கு மேல் கூரை வேண்டும். ஆனால் ஒளிவதில் ஒரு நாளும் தூக்கம் வராது.

ஒருவர் மேலே போனால் எல்லாரும் மேலே போனது மாதிரி என்பது இன்னொன்று. காவிரிக்கு அந்தப் பக்கம் ஸ்ரீரங்கத்தில் இந்தக் கதை பழையது. பாணர் குலத்தில் வந்த திருப்பாணாழ்வாரை, பெருமாளே சொன்னதால் ஒரு முனிவர் தோளில் தூக்கிக் கோயிலுக்குள் கொண்டுபோனார் என்று பாடுகிறார்கள். ஒருவரைத் தோளில் தூக்கினார்கள், சரி. கரையில் நின்ற மற்றவர்கள்? 1987இல் 236 அடிக்கு ராஜகோபுரத்தை முடித்தார்கள். அண்ணாந்து பார்ப்பவர் சிறுத்துப் போகத்தான் கோபுரம். ஒரு கலெக்டரையும் ஒரு அமைச்சரையும் காட்டி "பார், உன் ஆள்" என்பதும் நம்மை அண்ணாந்து பார்க்க வைக்கும் வேலையே.

மூன்றாவது வழிதான் ஆபத்தானது. நமக்குக் கீழே ஒருவரைத் தேடுவது. "நாங்களும் ஆண்ட பரம்பரை" என்று ஃப்ளெக்ஸ் அடிப்பது, அருந்ததியர் தோழரைப் பார்த்து முகம் சுளிப்பது, வீட்டுப் பெண்களிடம் நம் அவமானத்தை இறக்கி வைப்பது. ரயில்வே வேலை தமிழ்நாட்டு இளைஞர்களுக்கும் வேண்டும் என்று பொன்மலை வாசலில் போராடியது நியாயம். அதே வாயால், கட்டட வேலைக்கு வந்து தகரக் கொட்டகையில் எட்டுப் பேராகப் படுத்திருக்கும் பீகார், ஒடிசாக்காரரை "வடக்கன்" என்று எள்ளுவது நியாயமா? அவர்களில் எத்தனை பேர் நம்மவர்கள் என்று கேட்டீர்களா? இன்று திருச்சியில் வீட்டுக்காரர் நம்மைவிடக் கேவலமாகக் கேள்வி கேட்பது அவரிடம்தான். நம்மிடம் கேட்கப்பட்ட கேள்வியை நாம் இன்னொருவரிடம் கேட்டால், சாதிக்கு நாம் செய்யும் இலவச வேலை அது.

பிறகு என்ன செய்வது? ரெட்டைமலை சீனிவாசன் காட்டிய திசை இருக்கிறது. மணி அடித்த பிறகு வகுப்புக்குள் நழுவிய அந்த மாணவர், 1893இல் சென்னையில் ஒரு பத்திரிகை தொடங்கினார். பெயர்: "பறையன்". எந்தச் சொல் தெரிந்துவிடுமோ என்று பயந்து நடந்தாரோ, அதையே தலைப்பில் அச்சடித்துத் தெருவில் விற்றார். இடையில் அவருக்குத் தன்னம்பிக்கை வகுப்பு யாரும் எடுக்கவில்லை. தன்னைப் போன்றவர்கள் எத்தனை பேர் என்று எண்ணத் தொடங்கியதும் பயம் இடம் மாறியது.

எனவே எண்ணத் தொடங்குங்கள். உங்கள் கல்லூரியில், விடுதியில் நம் பிள்ளைகள் எத்தனை பேர்? முதல் ஆண்டு மாணவர் வந்து இறங்கும்போது பஸ் ஸ்டாண்டில் ஒரு சீனியர் நிற்கட்டும். சாதி கேட்காமல் வீடு தரும் வீட்டுக்காரர்களின் பட்டியலை வைத்திருங்கள், அடுத்த ஆண்டுக்குக் கைமாற்றுங்கள். 2012ஆம் ஆண்டின் யுஜிசி சமத்துவ விதிகள், சம வாய்ப்புப் பிரிவும் பாகுபாடு எதிர்ப்பு அலுவலரும் வேண்டும் என்றன. அவை ஒழுங்காக நடைமுறைக்கு வர வேண்டும் என்று 2019இல் உச்ச நீதிமன்றம் போனவர்கள் ரோஹித்தின் தாயும் பாயலின் தாயும். உங்கள் கல்லூரியில் அந்த அலுவலர் யார் என்று எழுத்தில் கேளுங்கள்.

வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் பிரிவு 3(1)(ஆர்), 3(1)(எஸ்) இரண்டையும் படித்து வையுங்கள். பிறர் பார்வையில் படும்படி இழிவுபடுத்தினால் அது குற்றம். தனியறையில் சொன்னதை நிரூபிப்பது கடினம். ஆகவே சாட்சி முக்கியம், அன்றே தேதியோடு எழுதி வைப்பது முக்கியம். புகாருக்கு 14566. மனம் தாங்காத இரவில் 14416க்கு அழையுங்கள், தோழரை எழுப்புங்கள். உதவி கேட்பது போராட்டத்துக்கு எதிரானது இல்லை.

ஒரு கோரிக்கையை எல்லாரும் சேர்ந்து எழுப்புவோம். தமிழ்நாட்டின் 2017ஆம் ஆண்டு வாடகைச் சட்டம் ஒப்பந்தத்தையும் வாடகையையும் பற்றி நிறையப் பேசுகிறது. சாதி கேட்டு வீடு மறுப்பதைப் பற்றிப் பேசவில்லை. அமெரிக்கா 1968லேயே நிறத்தையும் மதத்தையும் காரணம் காட்டி வீடு மறுப்பதைச் சட்டவிரோதமாக்கியது. சமூகநீதி மண் என்று தினமும் சொல்லும் நம் மாநிலம் ஒரே ஒரு பிரிவைச் சேர்க்கட்டும்: சாதியைக் காரணம் காட்டி வீடு மறுப்பது குற்றம்.

வரும் செப்டம்பர் 5 அன்று பொன்மலை சங்கத் திடலுக்கு வாருங்கள். கூட்டத்தில் நீங்கள் யார் என்று யாருக்கும் தெரியாது. நிம்மதியாகக் கூட்டத்தோடு கூட்டமாக நில்லுங்கள். யாராவது "எந்தத் தெரு?" என்று கேட்டால், "நீ ஏன் கேக்குற?" என்று திருப்பிக் கேளுங்கள். பக்கத்தில் நாங்கள் நிற்போம்.

ஜெய்பீம்.